பக்கம் நாற்பத்தொன்றில் ஷுக்ரி இல்லை

பெய்த் லோஸ்
5 செப்டம்பர் 2010

நுரித் அவர்களுக்கு,

ரஸ்மியா எழுதுவது. வாஸிமின் அம்மா. மூன்று முறை போன் செய்தீர்கள், நான் எடுக்கவில்லை. இனியும் எடுக்கமாட்டேன். போனில் பேசினால் நீங்கள் "ஆமாம், ஆமாம்" என்பீர்கள், எனக்கு அழுகை வரும், பேச்சு அதோடு போய்விடும். கடிதம் என்றால் கையில் இருக்கும். ஆறாம் வகுப்போடு நின்றவள் நான். எழுத்து கோணலாக இருந்தால் மன்னிக்க வேண்டாம், படித்தால் போதும்.

ரமல்லாவிலிருந்து ரம்ஸி வந்து அறிக்கையைக் கொடுத்தார். ஜெருசலேமில் உள்ள உங்கள் ஆய்வு மையமும் அவருடைய மையமும் சேர்ந்து எழுதியது, இன்னும் முடிவாகவில்லை, பார்த்துச் சொல்லுங்கள் என்றார். பளபளவென்று இருக்கிறது. அட்டையில் ஓர் ஆலிவ் மரம். எந்த ஊர் மரம் அது? பத்து வருஷமாகக் கவாத்து செய்யாத மரம். எங்கள் ஊரில் மரத்தை அப்படி விட்டால் சிரிப்பார்கள்.

நான்கு நாள் விரல் வைத்துப் படித்தேன். எங்கள் ஊருக்கும் தோட்டங்களுக்கும் நடுவில் பட்டாளம் போட்ட வேலி எத்தனை மீட்டர் என்று இருக்கிறது. கேட் எத்தனை, ஒரு நாளைக்கு எத்தனை தடவை திறக்கிறார்கள், எந்தக் கேட்டின் கீல் துருப்பிடித்திருக்கிறது என்பது வரைக்கும் இருக்கிறது. பக்கம் நாற்பத்தொன்றில் எங்கள் ஊர்க் கேட் வருகிறது. ஷுக்ரி இல்லை. என் கணவர் அந்தக் கேட்டுக்கு அந்தப் பக்கம் கிடந்து செத்தார், நான் இந்தப் பக்கம் நின்று பார்த்தேன். அதற்கு உங்கள் அறிக்கையில் ஒரே வரி: "மருத்துவ உதவி கிடைப்பதில் தாமதம் ஏற்படுவதாகக் கூறப்படுகிறது."

கூறப்படுகிறதா? யார் கூறினார்? நான்தான் கூறினேன். ஏப்ரலில் என் வீட்டுக்கு வந்து, மரமிய்யா இலை போட்ட டீயை இரண்டு கிளாஸ் குடித்துவிட்டு, இரண்டு மணி நேரம் கேட்டீர்கள். நடுவில் மூக்கைக்கூடச் சிந்தினீர்கள். பொய்யாகச் சிந்தியதாக நான் நினைக்கவில்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

நான் கேட்டது மூன்றே விஷயம். கேட்டில் ஒரு போன் நம்பர் எழுதி வைக்க வேண்டும். கூப்பிட்டால் எடுக்க வேண்டும். எடுத்தால் திறக்க வேண்டும். அதையும் "பரிசீலிக்கலாம்" என்று ஆக்கிவிட்டீர்கள்.

என் மகன் வாஸிம் சொல்கிறான்: "அம்மா, அவங்களுக்கு வேலையே எழுதறதுதான். இந்த வேலியை எழுதி முடிச்சா அடுத்த வேலிக்குப் போயிடுவாங்க. அப்பாவை எதுக்கு அவங்க பேப்பர்ல தேடிக்கிட்டு இருக்கே?"

தேடுவேன். ஷுக்ரி ஏன் இல்லை என்று எழுதுங்கள்.

ரஸ்மியா


ஜெருசலேம்
12 செப்டம்பர் 2010

மதிப்பிற்குரிய வாஸிம் அம்மாவுக்கு,

உங்கள் கடிதத்தை மூன்று நாள் மேஜையில் வைத்துக்கொண்டு இருந்தேன். பதில் தெரியாமல் அல்ல. தெரிந்த பதில் எழுதக் கூசுகிறது.

என் அரபி மொழி வீட்டில் பேசி வந்தது, என் அம்மா பாக்தாதில் பிறந்தவள். எழுதினால் தப்பு வரும். அதனால் உங்கள் கடிதத்தை அவளிடம் காட்டினேன். படித்துவிட்டு, "ஏண்டி, இந்தப் பொம்பளை கேக்கறதுல என்ன தப்பு இருக்கு? செத்தவன் பேரைப் போட உனக்குக் கை வலிக்குதா?" என்றாள். அன்றிலிருந்து எனக்குப் பிடித்தது எதையும் அவள் சமைப்பதில்லை.

எங்கள் வழக்கத்தைச் சொல்கிறேன், சாக்காக எடுத்துக்கொள்ளாதீர்கள். இந்த அறிக்கைக்கு இரண்டு பேனா. உங்கள் பக்கம் ரம்ஸி. எங்கள் பக்கம் ஸ்விகா, பட்டாளத்தில் பெரிய பதவியில் இருந்து ஓய்வு பெற்றவர். ஒவ்வொரு வாக்கியத்தையும் இருவரும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஒருவர் மறுத்தால் அந்த வாக்கியம் போய்விடும். இப்படி எழுதினால்தான் இரண்டு பக்க அதிகாரிகளும் "இது எதிராளியின் பிரசாரம்" என்று தூக்கிப் போடாமல் படிப்பார்கள். பதினோரு வருஷமாக நான் இதை நம்பி வேலை செய்கிறேன்.

உங்கள் கணவரைப் பற்றி நான் ஒரு முழுப் பக்கம் எழுதியிருந்தேன். ஸ்விகா பட்டாளத்தின் கேட் புத்தக நகலைக் கொண்டுவந்தார். 2009 நவம்பர் 25, புதன்கிழமை. மதியம் பன்னிரண்டரைக்குத் திறந்தது, ஒரு மணிக்கு மூடியது என்று அதில் இருக்கிறது, கையெழுத்தோடு. "கேட் திறந்திருந்துச்சுன்னா அந்த மனுஷன் ஏன் வெளியில வரல, நுரித்?" என்று கேட்டார். நீங்கள் சொன்னது ஒரு பக்கம், புத்தகம் ஒரு பக்கம். பக்கம் சுருங்கிப் பத்தியாகி, பத்தி வரியாகி, கடைசியில் "கூறப்படுகிறது" மட்டும் மிஞ்சியது.

நான் உங்களை நம்புகிறேன். ஆனால் நான் நம்புவது போதாது. இறுதிக் கூட்டம் அக்டோபர் 20. அதற்குள் எங்கள் பக்கத்திலிருந்து ஒரே ஒரு சாட்சி வேண்டும். உங்களுக்கு வேறு ஏதாவது நினைவிருந்தால் எழுதுங்கள்.

நுரித்


பெய்த் லோஸ்
17 செப்டம்பர் 2010

நுரித் அவர்களுக்கு,

நினைவிருந்தால் எழுதுங்கள் என்கிறீர்கள். எனக்கு வேறு என்ன நினைவிருக்கிறது என்று நினைத்தீர்கள்?

ஏப்ரலில் உங்கள் கையில் ஒரு தாள் இருந்தது. கேள்வி ஒன்று, கேள்வி இரண்டு என்று போனீர்கள். நான் வேறு பேச்சு எடுத்தால், "அதுக்கு அப்புறம் வர்றேன்" என்றீர்கள். வரவில்லை. இப்போது நான் வரிசையாகச் சொல்கிறேன், நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள்.

பெருநாளுக்கு இரண்டு நாள் முன்பு அது. ஆலிவ் அறுவடை கடைசி வாரம். வேலிக்கு அந்தப் பக்கம் உள்ள எங்கள் தோட்டத்துக்குப் போக எனக்கு அந்த வருஷம் அனுமதிச் சீட்டு கொடுக்கவில்லை. ஷுக்ரியும் அவர் சித்தப்பா மகன் ஹில்மியும் காலை ஆறரைக்குக் கேட் தாண்டிப் போனார்கள். பதினொரு மணிக்கு ஷுக்ரி ஏணியிலிருந்து கல்லின் மேல் விழுந்தார். ஹில்மி எனக்குப் போன் செய்துவிட்டு அவரைக் கழுதை வண்டியில் ஏற்றிக் கேட்டுக்குக் கொண்டுவந்தபோது மணி பன்னிரண்டுக்குக் கால் மணி குறைவு. பன்னிரண்டே காலுக்குக் கல்கீலியா ஆம்புலன்ஸ் என் பக்கத்தில் வந்து நின்றது. பதினைந்து நிமிஷத்தில் திறந்துவிடுவார்கள் என்று ஸ்ட்ரெச்சரைக்கூட இறக்கி வைத்துவிட்டார்கள்.

பன்னிரண்டரைக்கு யாரும் வரவில்லை.

நடுவில் ஜீப் ஓடும் ரோடு, இரண்டு பக்கமும் கேட். கத்தினால் கேட்கும்.

"வாஸிம் அப்பா, வலிக்குதா?"

"இல்ல, சும்மா படுத்திருக்கேன். வானம் நல்லா இருக்கு."

"கிண்டல் பண்ற நேரமா இது?"

"ஆம்புலன்ஸ்காரருக்கு டீ வாங்கிக் குடு. நம்மளால பாவம் வெயில்ல நிக்கறாரு."

"வாயை மூடுங்க. மூச்சை மிச்சம் பிடிங்க."

"முப்பத்துமூணு வருஷமா இதையேதான் சொல்ற."

ஆம்புலன்ஸ்காரர்கூடச் சிரித்துவிட்டார். பிறகு அவர் சிரிக்கவில்லை. "குரல் மாறுதும்மா" என்றார்.

ஒரு மணிக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது ஜீப் வந்தது. கண்ணாடி போட்ட ஒரு பையன் இறங்கினான். என்னைப் பார்த்து அவனுக்குத் தெரிந்த அரபியில் "சாவி இல்லை, சாவி இல்லை" என்றான். ரேடியோவில் பேசினான், கத்தினான், மறுபடி பேசினான். பிறகு ஷுக்ரி பக்கக் கேட்டின் கம்பியருகே போனான். ஜீப் மறைத்ததால் எனக்கு ஒன்றும் தெரியவில்லை. பத்து நிமிஷம் கழித்து ஜீப் போய்விட்டது.

ஷுக்ரி கடைசியாகச் சொன்னது: "உச்சிக் கிளை பாக்கி இருக்கு. ஹில்மி கம்பால அடிப்பான், விடாதே. கையால பறிக்கணும்."

ஒன்றரைக்கு ஹில்மி தலைத்துணியைக் கழற்றினான். எனக்குத் தெரிந்துவிட்டது. கேட் நான்கு மணிக்குத் திறந்தது.

உங்கள் தாளில் இல்லாத விஷயம் இனிமேல்தான். நான் போனபோது ஷுக்ரி கையில் ஒரு தண்ணீர்க் குடுவை இருந்தது. பட்டாளத்துக் குடுவை, பச்சை. விரலைப் பிரித்துத்தான் எடுத்தேன். பக்கத்தில் வெள்ளை டேப் ஒட்டி அதில் உங்கள் மொழியில் ஏதோ எழுதியிருக்கிறது. எனக்குப் படிக்கத் தெரியாது. ஊரில் யாரிடமும் காட்டவில்லை. அவர்கள் தண்ணீரைக் குடித்தா செத்தான் என்று ஒருத்தர் கேட்டாலும் என்னால் தாங்க முடியாது. மாவு டப்பாவுக்குப் பின்னால் பத்து மாசமாக இருக்கிறது.

ரம்ஸியிடம் கொடுத்தனுப்புகிறேன். நீங்கள் படியுங்கள். பிறகு எனக்குத் திரும்ப வேண்டும்.

ரஸ்மியா


ஜெருசலேம்
4 அக்டோபர் 2010

வாஸிம் அம்மாவுக்கு,

குடுவை வந்தது. டேப்பில் ஒரு குடும்பப் பெயரும் ஒரு பட்டாள நம்பரும் இருந்தன, அதை வைத்து ஆளைத் தேடிப் பிடித்தேன். பெயரை உங்களுக்கு எழுதமாட்டேன். வேண்டாம் என்று அவன் கேட்டுக்கொண்டான். கண்ணாடிக்காரன் என்றே சொல்கிறேன்.

இப்போது அவன் பட்டாளத்தில் இல்லை. தெற்கே ஒரு நாற்றுப் பண்ணையில் வேலை செய்கிறான். இரண்டு தடவை போனைத் துண்டித்துவிட்டான். மூன்றாவது தடவை "குடுவை என்கிட்ட இருக்கு" என்று மட்டும் சொன்னேன். இந்தத் தடவை துண்டிக்கவில்லை. பிறகு, "அந்த அம்மா அதை இன்னுமா வெச்சிருக்காங்க?" என்றான்.

நேரில் போனேன். தொட்டியில் மண் நிரப்பிக்கொண்டே பேசினான், என் முகத்தைப் பார்க்கவில்லை. கேட் புத்தகத்தின் நகலைக் காட்டினேன். சிரித்துவிட்டான். நல்ல சிரிப்பு அல்ல.

"இதைப் போயி நம்பறீங்களே! ஞாயித்துக்கிழமையே வாரம் முழுக்க எழுதிடுவோம். ஆறரை, பன்னண்டரை, நாலு. ஆறரை, பன்னண்டரை, நாலு. அன்னிக்குச் சாவிக்காரனை வேற கேட்டுக்கு அனுப்பிட்டாங்க, மதியம் அந்தக் கேட்டைத் திறக்க யாருமே வரல. புத்தகம் மட்டும் சரியா இருந்துச்சு."

கிளம்பும்போது வண்டி வரைக்கும் வந்தான். "அவர் தண்ணி குடிச்சாரா? நான் கம்பி வழியா கையிலதான் வெச்சேன். அதுக்குள்ள வண்டியை எடுக்கச் சொல்லிட்டாங்க" என்று கேட்டான். எனக்குத் தெரியாது என்றேன்.

ஸ்விகாவிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் பேனா மூடியைத் திறந்து மூடிக்கொண்டிருந்தார். "நான் முப்பது வருஷம் இந்த மாதிரிப் புத்தகத்துலதான் கையெழுத்துப் போட்டேன். ஒரு நாளும் கேட்டுக்குப் போய்ப் பார்த்ததில்ல" என்றார். ஆனால் அந்தப் பையன் வாயிலிருந்தே கேட்க வேண்டும் என்கிறார். பையன் வருவதாகச் சொல்லியிருக்கிறான்.

இப்போது கஷ்டமான விஷயம். எங்கள் கூட்டங்களுக்கு ஒரு விதி உண்டு. அறையில் சொன்ன சொல் வெளியே போகலாம், சொன்னவர் பெயர் போகக் கூடாது. அந்த விதி இருப்பதால்தான் அவனைப் போன்றவர்கள் வாய் திறக்கிறார்கள். இது எல்லோருக்கும் பொது என்று எங்கள் இயக்குநர் சொல்கிறார். அவன் பெயரை மறைத்தால் ஷுக்ரியின் பெயரையும் மறைக்க வேண்டும். "வடக்குப் பகுதியைச் சேர்ந்த ஐம்பத்தொன்பது வயது விவசாயி" என்று வரும். நேரம், பூட்டிய கேட், காத்திருந்த ஆம்புலன்ஸ் எல்லாம் வரும். பெயர் மட்டும் வராது.

இது பெரிய வெற்றி என்று ரம்ஸியும் சொல்கிறார். ஆனால் உங்களைக் கேட்காமல் சம்மதிக்க எனக்கு மனசில்லை. சரி என்று ஒரு வார்த்தை எழுதுங்கள்.

நுரித்


பெய்த் லோஸ்
9 அக்டோபர் 2010

நுரித்துக்கு,

சரி இல்லை.

அந்தப் பையன் பெயரை மறைத்துக்கொள்ளுங்கள். அவன் உயிரோடு இருக்கிறான், அவனுக்கு வேலை இருக்கிறது, ஊரில் நாலு பேர் நாலு விதமாகப் பேசுவார்கள். அவன் பெயரை நான் கேட்கவும் இல்லை. ஷுக்ரியை யாரிடமிருந்து காப்பாற்றப் பெயரை மறைக்கிறீர்கள்? அவருக்கு இனி யார் என்ன செய்துவிட முடியும்?

வடக்குப் பகுதி விவசாயி என்றால் எந்த விவசாயி? எங்கள் தெருவிலேயே பதினேழு விவசாயிகள் இருக்கிறார்கள். அவர்களில் யாரும் சாகவில்லை.

உங்கள் விதி நல்ல விதிதான், நான் இரண்டு நாள் யோசித்துப் பார்த்தேன். பேசுகிறவனுக்குப் பயம் போக வேண்டும், அதற்காக வைத்தது. அப்படியென்றால் பேசுகிறவள் தன் பெயரைத் தானே சொன்னால்? நான் வருகிறேன். இருபதாம் தேதி அந்த அறையில் நானே உட்கார்ந்து என் பெயரும் என் கணவர் பெயரும் சொல்கிறேன். சொல்ல எனக்குப் பயமில்லை என்று எழுதிக் கையெழுத்தும் போடுகிறேன். பிறகு உங்கள் இயக்குநர் எந்த விதியைக் காட்டுவார் என்று பார்க்கலாம்.

கூட்டம் பெய்த் ஜாலா குன்று மேல் உள்ள விடுதியில் என்று ரம்ஸி சொன்னார். இரண்டு பக்கத்துக்காரர்களும் சீட்டு இல்லாமல் வரக்கூடிய இடம் அது. எனக்குத் தெரியும், ஷுக்ரி அங்கே கட்டட வேலைக்குப் போயிருக்கிறார்.

வீட்டில் சண்டை. பக்கத்து வீட்டு ஹியாம் சுவருக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு, "என்ன ரஸ்மியாக்கா, அவங்களோட உக்காந்து காபி குடிக்கப் போறீங்களாமே? கேக்கும் உண்டா?" என்று கேட்டாள். "உண்டுன்னா உனக்கும் ஒரு துண்டு எடுத்துட்டு வர்றேன், இப்ப வாயை மூடு" என்றேன்.

வாஸிம் அப்படி விளையாட்டாகப் பேசவில்லை. "அம்மா, இருபது வருஷமா கூடி உக்காந்து எழுதறாங்க. அவங்க எழுதினதுல எந்தக் கேட் திறந்துச்சு, ஒண்ணு சொல்லு" என்றான்.

"ஒண்ணும் தெறக்கல."

"அப்புறம்?"

"எழுதாம விட்டப்ப எது தெறந்துச்சு, நீ ஒண்ணு சொல்லு."

அவன் எழுந்து போய்விட்டான். ஆனால் இன்று காலையில் அப்பாவின் கோட்டை எடுத்து வெயிலில் போட்டிருக்கிறான். அங்கே குளிரும், போட்டுக்கொண்டு போ என்கிறான்.

குடுவையைக் கொண்டுவாருங்கள். தண்ணீர் குடித்தாரா என்று அவன் கேட்டானாம். பதில் என்னிடம் இருக்கிறது. அவன் என் முகத்தைப் பார்த்துக் கேட்கட்டும், சொல்கிறேன்.

ரஸ்மியா


ஜெருசலேம்
2 நவம்பர் 2010

அன்புள்ள வாஸிம் அம்மாவுக்கு,

கூட்டத்தன்று உங்களை வழியனுப்பக்கூட முடியவில்லை. பட்டியலில் இல்லாத உங்களை அறைக்குள் விட்டேன் என்று இயக்குநர் என்னைத் தனியே கூப்பிட்டுப் பேசிக்கொண்டிருந்தார். அடுத்த ஆய்வில் நான் இல்லை. அதைப் பற்றி நீங்கள் வருத்தப்பட வேண்டாம், நான் வருத்தப்படவில்லை. என் அம்மா மறுபடி எனக்குப் பிடித்ததைச் சமைக்கிறாள்.

பக்கம் நாற்பத்தொன்றை அப்படியே எழுதுகிறேன்:

"2009 நவம்பர் 25, புதன்கிழமை மதியம் பெய்த் லோஸ் கேட் திறக்கப்படவில்லை. அந்த ஊர் விவசாயி ஷுக்ரி, வயது ஐம்பத்தொன்பது, ஏணியிலிருந்து விழுந்து, ஆம்புலன்ஸ் மறுபுறம் நிற்க, கேட்டருகே காத்திருந்தபோது இறந்தார். இதை அவர் மனைவி ரஸ்மியா தம் பெயருடன் கூறினார். அப்போது பணியில் இருந்த ஒருவர் உறுதிசெய்தார்."

"பூட்டியிருந்ததால் இறந்தார்" என்று எழுத ரம்ஸி ஒரு மணி நேரம் போராடினார். கிடைக்கவில்லை. மறைக்காமல் சொல்கிறேன்.

உங்கள் மூன்று விஷயமும் பரிந்துரையில் வந்துவிட்டன, "பரிசீலிக்கலாம்" போய்விட்டது. நான்காவதாக ஒன்றை ஸ்விகா தன் கையால் சேர்த்தார். போன் வரும்போது, வரும் அந்த நிமிஷத்திலேயே, கூப்பிட்டவர் பெயர், யாருக்காகக் கூப்பிட்டார், என்ன நேரம் என்று புத்தகத்தில் எழுத வேண்டும். முன்கூட்டி எழுதக் கூடாது.

இனி இது பதினோரு அதிகாரிகளின் மேஜைக்குப் போகும். நாங்கள் எழுதுகிறவர்கள், சாவி எங்களிடம் இல்லை. ஒன்றும் நடக்காமலும் போகலாம். வாஸிமிடம் அதையும் சொல்லுங்கள்.

நீங்கள் "பாதி குடிச்சிருந்தார்" என்று சொன்னதும் அந்தப் பையன் வெளியே போனானே, அரை மணி நேரம் வண்டிகளுக்கு நடுவில் நின்றான். பிறகு உள்ளே வந்து எல்லாவற்றையும் சொன்னான். அந்தப் பதில் இல்லாவிட்டால் திரும்பி வந்திருப்பானா, தெரியாது.

குடுவையை நீங்கள் மேஜையிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டீர்கள். என்னிடம் இருக்கிறது. திரும்ப வேண்டும் என்று எழுதியிருந்தீர்கள். யாரிடம் கொடுக்க?

நுரித்


பெய்த் லோஸ்
6 நவம்பர் 2011

அன்புள்ள நுரித்துக்கு,

ஒரு வருஷம் பதில் எழுதவில்லை. எழுத ஒன்றும் இல்லை, அதனால்தான். குளிர்காலம் போனது, கோடை போனது, கேட்டில் ஒன்றும் இல்லை. மாசம் ஒரு தடவை ரம்ஸிக்குப் போன் செய்து "என்ன ஆச்சு" என்பேன். "மேஜையில இருக்கும்மா" என்பார். "எந்த மேஜை? நம்பர் சொல்லு, நானே போறேன்" என்பேன். என் போன் என்றால் அவர் குரலே மாறிவிடும்.

போன மாசம் பத்தாம் தேதி, அறுவடைக்குக் கேட் திறந்த முதல் நாள், தகரப் பலகை ஒன்று வைத்திருந்தார்கள். இரண்டு மொழியிலும் எழுத்து, கீழே ஒரு போன் நம்பர். எங்கள் கேட்டுக்கு மட்டும், இந்த ஒரு பருவத்துக்கு மட்டும், சோதனைக்காகவாம். வாஸிம் கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டு நின்றான். "தகரம்தானே அம்மா" என்றான். போகும்போது ஆணி உறுதியாக இருக்கிறதா என்று ஆட்டிப் பார்த்துவிட்டுப் போனான்.

தகரம்தான். அதனால் நான் அன்றே கூப்பிட்டேன். ஒரு பெண் எடுத்தாள்.

"யார் பேசறது?"

"ரஸ்மியா. பெய்த் லோஸ்."

"யாருக்காகக் கூப்பிடறீங்க?"

"ஷுக்ரிக்காக."

"அவருக்கு என்ன ஆச்சு?"

"செத்துட்டார். ரெண்டு வருஷம் ஆகப் போகுது. நீங்க போனை எடுக்கறீங்களான்னு பாக்கத்தான் கூப்பிட்டேன்."

"எழுதிக்கிட்டியாம்மா?" என்று கேட்டேன். எழுதிக்கொண்டேன் என்றாள். "வாசிச்சுக் காட்டு" என்றேன். வாசித்தாள்.

அன்றிலிருந்து தினமும் ஒரு தடவை கூப்பிடுகிறேன். நேற்று வரை இருபத்தேழு நாளில் மூன்று நாள் யாரும் எடுக்கவில்லை. அந்த மூன்று நாளையும் நேரத்தோடு எழுதி ரம்ஸியிடம் கொடுத்திருக்கிறேன், ஸ்விகாவுக்கும் போகும். ஒருத்தன் மட்டும் கத்தினான், "வேற வேலை இல்லையா உனக்கு?" என்று. "இருந்துச்சு, இப்ப இல்ல. பேரை எழுது" என்றேன்.

போன செவ்வாய்க்கிழமை ஹியாமைத் தேள் கொட்டியது, அந்தப் பக்கத் தோட்டத்தில். கேக் கேட்டாளே, அதே ஹியாம்தான். நான் கூப்பிட்டேன். கையில் கடிகாரத்தை வைத்துக்கொண்டு கேட்டிலேயே நின்றேன். பதினான்கு நிமிஷத்தில் ஜீப் வந்தது, சாவியோடு. கேட் திறந்தது. ஹியாம் ஸ்ட்ரெச்சரில் படுத்துக்கொண்டே, "பதினாலு நிமிஷமா? எனக்கு நாப்பது மாதிரி இருந்துச்சே" என்று கத்தினாள். அவளை ஏற்றி அனுப்பிவிட்டு நான் கொஞ்ச நேரம் அங்கேயே உட்கார்ந்திருந்தேன். பதினான்கு நிமிஷம். வேறு ஒன்றும் யோசிக்க முடியவில்லை.

குடுவையை அந்தப் பையனிடம் கொடுங்கள். புது ஆலிவ் எண்ணெய் ஊற்றிக் கொடுக்கச் சொல்கிறாள் ஹியாம். அந்த அளவு மனசு எனக்கு வரவில்லை. காலியாகவே கொடுங்கள்.

உச்சிக் கிளையை இந்த வருஷமும் கையால்தான் பறித்தோம்.

பருவம் முடிந்தால் பலகையை எடுத்துவிடுவார்கள் என்று பேச்சு இருக்கிறது. எடுக்க வரட்டும். உங்கள் அறிக்கையில் ஷுக்ரியின் பெயர் ஒரே ஒரு தடவை இருக்கிறது. அவர்கள் புத்தகத்தில் இன்றோடு இருபத்தைந்து தடவை ஆகும். மணி பன்னிரண்டரை ஆகிறது. போனைக் கையில் எடுத்துக் கூப்பிட வேண்டும்.

ரஸ்மியா